வலி சொல்லும் பத்து நொடி

ஆஸ்பத்திரியில் படுத்திருந்த இருபத்தாறு நாளும் வலியைவிட, பயத்தைவிட என்னிடம் அதிகமாக இருந்தது பொறாமைதான். நோயில் விழுந்து எழுந்தவர்கள் மனம் கனிந்து திரும்பியதாக எழுதுகிறார்கள். எனக்கு அப்படி எதுவும் நடக்கவில்லை. கீழே விழுந்த மாத்திரையைச் சட்டென்று குனிந்து எடுத்த வார்டு ஆயாவின் முதுகைப் பார்த்துப் பொறாமைப்பட்டேன். ஊசி போட வந்த நர்ஸ் ஒற்றைக் காலில் நின்றபடி மறு கால் செருப்பைச் சரிசெய்தார். அதற்காக அன்று முழுவதும் அவரிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. இதையெல்லாம் மறைத்து எழுதுவதற்கு எழுதாமலே இருக்கலாம். இதே நோயோடு எங்காவது படுத்திருப்பவர் இதைப் படித்தால், தனக்கு மட்டும்தான் புத்தி இப்படிப் போகிறது என்று நினைக்க வேண்டாம்.

என் பெயர் ஏழுமலை. வயது நாற்பத்தேழு. ஆவணப்படம் எடுக்கிறவன். உயிரைப் பணயம் வைத்து விளையாடுகிறவர்களையும் அவர்கள் விளையாடும் மலை, ஆறு, பாலைவனங்களையும் படம் பிடிப்பதுதான் பதினாறு வருடமாக என் பிழைப்பு. இமாசலத்தில் பாராசூட் போன்ற இறக்கையோடு குதிக்கிறவர்கள், அடைமழையில் கேரளத்து ஆறுகளில் படகோடு தலைகுப்புற விழுகிறவர்கள், கட்ச் உப்பு வெளியில் மூன்று நாள் தூங்காமல் ஓடுகிறவர்கள். படத்தில் அவர்கள் மட்டும் தெரிவார்கள். பாறையில் ஏறுகிறவனின் முகம் தெரிய வேண்டுமென்றால் அவனுக்கு முன்னால் ஒருவன் கேமராவோடு மேலே தொங்கிக்கொண்டிருக்க வேண்டும் என்பது பார்க்கிறவர்களுக்கு ஞாபகம் வராது. அந்தத் தொங்குகிறவன் நான்.

என்னோடு தொங்குகிற இன்னொருவர் நஸ்ரின். திருவண்ணாமலை சின்னக்கடைத் தெருவில் அவளுடைய அப்பாவின் ஸ்டுடியோவில்தான் நான் கல்யாண வீடியோ எடுக்கக் கற்றுக்கொண்டேன். அவளும் அங்கேதான் கற்றாள். மண்டபம் மண்டபமாக இருவரும் சேர்ந்து அலைந்திருக்கிறோம். நான் மலைக்குப் போனபோது அவளையும் இழுத்துக்கொண்டு போனேன். இன்று அவளுக்கு நாற்பது வயது. என் படங்களில் இரண்டாவது கேமரா அவளுடையது. எங்கள் படத்தில் நல்ல ஷாட் ஒன்றை யாராவது பாராட்டினால் அது யார் எடுத்தது என்று நான் சொல்வதில்லை. பாதிக்கு மேல் அவள் எடுத்தது.

எங்கள் குழுவில் ஒரு வழக்கம் உண்டு. கயிற்றில் ஏறும் முன், காலையில் ஒவ்வொருவரும் கேமராவை நோக்கி நடந்து வந்து நின்று, பெயரையும் அன்றைக்கு எங்கே வலிக்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். பத்து நொடி போதும். ‘வலி சொல்றது’ என்போம். மணிக்கட்டு வலியை மறைத்துக்கொண்டு பறந்த ஒருவர் கோணலாக இறங்கி இடுப்பை முறித்துக்கொண்ட பிறகு நான் கொண்டுவந்த விதி அது. வலி பலமாக இருக்கிறவருக்கு அன்று கயிறு கிடையாது, கேள்வியும் கிடையாது. கயிற்றில் ஒருவன் பொய் சொன்னால் விழுவது பக்கத்தில் இருப்பவனாகவும் இருக்கலாம். புதிதாக வருகிறவர்களுக்கு இந்த வசனத்தை நானே சொல்வேன்.

போன அக்டோபரில் லடாக் பக்கம் ஒரு பாறைச் சுவரில் படப்பிடிப்பு. முதுகு வலித்தது. பதினான்கு கிலோ சுமப்பவனுக்கு முதுகு வலிக்காமல் இருந்தால்தான் ஆச்சரியம் என்று விட்டுவிட்டேன். இடது கால் மரத்தது. இடுப்பையும் தொடையையும் சுற்றிக் கட்டும் ஹார்னஸில் மணிக்கணக்காகத் தொங்கினால் எல்லாருக்குமே கால் மரக்கும். பழியை ஹார்னஸ் மேல் போட்டேன். சாயங்காலம் வந்த காய்ச்சலை உயரத்தின் கணக்கில் எழுதினேன். ஆறு கிலோ இளைத்ததற்குப் பெருமைதான் பட்டேன். ஒவ்வொரு காலையும் கேமரா முன்னால் வந்து “ஏழுமலை, ஒண்ணும் இல்ல” என்றேன். வேறு தொழிலில் இருந்திருந்தால் இரண்டாவது வாரமே டாக்டரிடம் போயிருப்பேன்.

டிசம்பர் கடைசியில், வேங்கிக்காலில் எங்கள் வீட்டு வாசலில், என் மனைவி விமலா கேட்டாள்: “ஏங்க, ஒரு செருப்பு எங்க?”

குனிந்து பார்த்தேன். இடது காலில் செருப்பு இல்லை. கடைக்குப் போய் வரும் வழியில் எங்கோ கழன்று விழுந்திருக்கிறது. வெறுங்காலோடு தார் ரோட்டில் நடந்து வந்தது எனக்குத் தெரியவே இல்லை. விமலா கலெக்டர் ஆபீசில் நிலப் பிரிவில் வேலை பார்க்கிறவள். ஒரு தாள் காணாமல் போனாலும் கண்டுபிடிக்காமல் விடமாட்டாள். திரும்பிப் போய்த் தேடி, தெருமுனையில் கிடந்த செருப்பை எடுத்து வந்து என் முன்னால் வைத்தாள். “நாளைக்கு லீவு போடறேன். டாக்டரைப் பாக்கப் போறோம்” என்றாள்.

செங்கம் ரோட்டுப் பக்கம் ஒரு மருத்துவமனை. எக்ஸ்ரேயில் தெளிவில்லை என்று எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொன்னார்கள். அதைப் பற்றிப் பயப்படுகிறவர்களுக்காகச் சொல்கிறேன்: குறுகலான குழாய்க்குள் முக்கால் மணி நேரம் அசையாமல் படுக்க வேண்டும். கடப்பாரையால் தகரத்தைத் தட்டுகிற மாதிரி சத்தம் வரும். வலிக்காது. பனிப்புயலில் கூடாரத்துக்குள் இரண்டு நாள் அடைந்து கிடந்தவன் நான், அந்தக் குழாய்க்குள் பத்தாவது நிமிடத்தில் பெல்லை அழுத்திவிட்டேன். இரண்டாம் முறைதான் முடிந்தது.

முதுகெலும்பில் காசநோய். எனக்கு இருமல்கூடக் கிடையாதே என்றேன். டாக்டர் நிதானமாக விளக்கினார். எப்போதோ மூச்சு வழியாக உள்ளே வந்த கிருமி, ரத்தத்தோடு போய் எலும்பில் உட்கார்ந்து அரிக்கத் தொடங்கும். என் நடுமுதுகுக்குக் கீழே இரண்டு எலும்புகள் அரிக்கப்பட்டிருந்தன. அங்கே கட்டிய சீழ், கால்களுக்கு இறங்கும் நரம்புத் தண்டை அழுத்துகிறது. எனக்கு நுரையீரலில் நோய் இல்லாததால் பக்கத்தில் இருப்பவர்களுக்கு ஒட்டாது. ஸ்கேன் பார்த்தபடியே முதுகில் ஊசி விட்டுச் சீழை எடுத்துச் சோதித்து உறுதி செய்தார்கள். ஒரு வருடத்துக்குக் குறையாமல் மாத்திரை. முதல் சில வாரம் மல்லாந்த படுக்கை. மாத்திரை தொடங்கியதும் சிறுநீர் ஆரஞ்சு நிறமாகப் போகும், பதற வேண்டாம்.

“எப்பலேர்ந்து கால் இழுக்குது?” என்று டாக்டர் கேட்டார்.

“பத்து நாளா” என்றேன். அக்டோபரில் கயிற்றில் தொங்கியபோதே மரத்தது என்று விமலாவை வைத்துக்கொண்டு எப்படிச் சொல்வது?

பில்லும் இன்சூரன்சும் விமலாவின் பொறுப்பாகிவிட்டன. அந்தக் காகிதங்களை அவள் என் கண்ணில் காட்டவில்லை. தினமும் ஆபீஸ் முடிந்து வந்து, கட்டிலின் கால்மாட்டில் உட்கார்ந்து, என் கால் விரல்களை ஒவ்வொன்றாகத் தொட்டு “இது எது?” என்பாள். டாக்டர் சொல்லிக்கொடுத்த சோதனை. நான் கூரையைப் பார்த்தபடி பதில் சொல்ல வேண்டும். வலது காலில் எல்லாம் சரியாகச் சொல்வேன். இடது காலில் ஊகம்தான். ஒரு நாள் வரிசையாக “சுண்டு விரல், நடு விரல், கட்டை விரல்” என்று சொல்லிக்கொண்டே போனேன். தலையைத் தூக்கினால், அவள் இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள்.

“நான் தொடவே இல்லீங்க” என்றாள்.

நஸ்ரின் முதல் வாரத்தில் ஒரு பையோடு வந்தாள். மல்லாந்து கிடப்பவனுக்குக் கூரையும் மின்விசிறியும் தவிர எதுவும் தெரியாது என்பது எங்கள் இருவருக்கும் கேமரா வழியாகத் தெரிந்த விஷயம். குளுக்கோஸ் மாட்டும் கம்பத்தில் எங்கள் படப்பிடிப்புக் கிளாம்ப் ஒன்றை முறுக்கினாள். அதில் ஒரு முகம் பார்க்கும் கண்ணாடியைப் பொருத்தி, என் தலைக்குப் பக்கத்தில் தலையை வைத்துப் பார்த்துப் பார்த்துச் சாய்த்தாள்.

“இப்ப தெரியுதாண்ணா?”

தெரிந்தது. ஜன்னலுக்கு வெளியே மலையின் தோள், கீழே கிரிவலப் பாதையின் ஒரு துண்டு, ஒரு டீக்கடை, நடக்கிற மனிதர்கள். கண்ணாடி என்பதால் எல்லாரும் மலையைத் தப்புப் பக்கமாகச் சுற்றினார்கள். பௌர்ணமி வந்தபோது அந்தச் சின்னச் சதுரத்துக்குள் ஆயிரக்கணக்கான கால்கள். வெறுங்கால்கள், வீங்கிய கால்கள், கொலுசு போட்ட கால்கள். கண்ணில் நீர் வந்தது என்று எழுத ஆசைதான். உண்மையில் அந்த ஒவ்வொரு காலின் மீதும் வயிறு எரிந்தது. அதைவிட எரிந்தது, அந்த ஃப்ரேம் அவ்வளவு அழகாக இருந்ததற்கு. நானாக இருந்திருந்தால் மலையை நடுவில் வைத்திருப்பேன். அவள் ஓரத்தில் வைத்திருந்தாள். அதுதான் சரி.

கண்ணாடி மாட்டிய அன்று அவள் கேட்க வந்தது வேறு விஷயம். இமாசலத்து ஸ்பிதியில் தோர்ஜே என்று ஒருவர். குளிரில் உறைந்து நிற்கும் அருவிகளில் ஏறுகிறவர். நம் ராஜகோபுரத்தை இரண்டாக அடுக்கிய உயரத்தில் ஒரு அருவி இருக்கிறது. அது முழுதாக உறைவது எப்போதாவதுதான். நான்கு வருடமாக அவரும் நாங்களும் அதற்குக் காத்திருக்கிறோம். எனக்கு அது என் படங்களிலேயே பெரிய படம். ஜனவரி கடைசியில் போவதாக இருந்தது.

“தோர்ஜே இன்னா சொல்றாரு? இந்த வருசம் ஐஸ் புடிச்சிருக்கா?” என்றாள். “நீங்க சரின்னா நான் போறேண்ணா. மேல் கேமரா நான் பாத்துக்கறேன். எடிட்டுக்கு நீங்க வந்துடுவீங்க.”

தோர்ஜே அதற்கு முந்தின நாள்தான் என்னிடம் பேசியிருந்தார். அருவி அடியிலிருந்து நுனிவரை உறைந்துவிட்டது, இப்படி ஒரு வருடம் இனி வருமா தெரியாது, தனக்கு முழங்கால் தேய்கிறது, நஸ்ரினையாவது அனுப்பு என்று இந்தியில் கெஞ்சாத குறை. பார்க்கலாம் என்று வைத்துவிட்டேன்.

நஸ்ரினிடம், “இந்த வருசம் அவரு ஏறலியாம். ஐஸ் சரியில்லியாம்” என்றேன். குரல் கொஞ்சம்கூடத் தடுமாறவில்லை.

அவள் முகம் வாடியது. “போட்டும் விடுங்க. அடுத்த வருசம் சேந்தே போலாம்” என்று சொல்லி, கண்ணாடியை இன்னொரு முறை துடைத்துவிட்டுப் போனாள். அவள் கண்ணாடியில் தோன்றி, டீக்கடையைத் தாண்டி, ஸ்கூட்டரை ஸ்டார்ட் செய்து போகும் வரை பார்த்தேன். எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. நான் ஏறாத பனியில் யாரும் ஏறப்போவதில்லை.

தோர்ஜே மறுபடி இரண்டு முறை அழைத்தார். எடுக்கவில்லை.

ஒன்பதாம் நாள் டாக்டர் என் பாதத்தைத் தன் கையை எதிர்த்து அழுத்தச் சொல்லிப் பார்த்துவிட்டு, முகம் மாறி நின்றார். விமலாவும் நஸ்ரினும் அப்போது அறையில் இருந்தார்கள்.

“இருபது நாள்ல இந்த அளவுக்கு இறங்கியிருக்குன்னா நரம்பு வேகமா நசுங்குதுனு அர்த்தம். காத்திருக்கிறது ரிஸ்க். நாளன்னிக்கு சென்னைக்கு அனுப்பறேன், ஆபரேஷன் பண்ணிடலாம். முதுகுல கம்பி வச்சு நிமித்திடுவாங்க. நடக்கலாம். ஆனா இந்த மலை ஏர்றது, மூட்டை தூக்கறதெல்லாம் மறந்துடுங்க.”

விமலா கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். அந்த நேரத்திலும் நான் வாயைத் திறக்கவில்லை. இரண்டு மாதமாக இழுக்கிறது என்று ஒரு வாக்கியம் சொல்ல வேண்டும், அவ்வளவுதான். அதைச் சொன்னால், ஊருக்கெல்லாம் விதி போட்டவன் தினமும் பொய் சொன்னான் என்றாகிவிடும். அதுவும் நஸ்ரின் முன்னால். முதுகில் கம்பி பரவாயில்லை என்று தோன்றியது.

நஸ்ரின் என்னையே ஒரு நிமிடம் பார்த்தாள். பிறகு கிளம்பிப் போய்விட்டாள்.

மறுநாள் காலை டாக்டர் ரவுண்ட்ஸ் வரும் நேரத்துக்கு லேப்டாப்போடு வந்தாள். “சார், ரெண்டு நிமிசம். இத பாத்துட்டு அனுப்புங்க” என்று அவரை நிறுத்தினாள். அக்டோபர் படப்பிடிப்பின் வலி சொல்லும் காட்சிகளை நாள் வாரியாகச் சேர்த்து ஒட்டியிருந்தாள். இருபத்திரண்டு காலை. ஒவ்வொன்றிலும் நான் கேமராவை நோக்கி நடந்து வருகிறேன், “ஏழுமலை, ஒண்ணும் இல்ல” என்கிறேன், சிரிக்கிறேன். முகத்தைப் பார்த்தால் எதுவும் தெரியாது. அவள் சத்தத்தைக் கூட்டி வைத்தாள். சரளைக் கல்லில் என் காலடி. முதல் நான்கைந்து நாள் இரண்டு காலும் ஒரே சத்தம். அப்புறம் இடது கால் தரையை உரசுகிறது. சர்ரக், சர்ரக். கடைசி நாளில் அது பாதத்தைத் தூக்கவே இல்லை.

டாக்டர் மூன்று முறை ஓடவிட்டுப் பார்த்தார். என் காலைத் திரும்பச் சோதித்தார்.

“இது ரெண்டு, ரெண்டரை மாசத்துக் கதைங்க. அக்டோபர் கடைசியில இருந்ததுக்கு இப்ப கொஞ்சம்தான் ஜாஸ்தி. மெதுவா வர்றது மாத்திரையிலயே மெதுவாத் திரும்பறதுக்கு வாய்ப்பு இருக்கு. ரெண்டு வாரம் குடுத்துப் பாப்போம். தினமும் நானே கால பாப்பேன். ஒரு பிடி கம்மியானாலும் சென்னைதான்” என்றவர், போகும்போது என்னைப் பார்த்து, “டாக்டர்கிட்ட நடிக்கக்கூடாதுங்க” என்றார்.

கதவு மூடியதும் விமலா கேட்டாள், “அந்தக் காலோடவா கயித்துல தொங்கினீங்க?” அவள் என்னைத் திட்டி நான் கேட்டதில்லை. அன்று திட்டினாள். கீழே கயிறு பிடித்திருந்தவர்களின் பெயரை ஒவ்வொன்றாகச் சொல்லி, அவங்களுக்குப் பொண்டாட்டி புள்ள இல்லியா என்று கேட்டாள். நஸ்ரின் லேப்டாப்பைப் பைக்குள் வைத்துக்கொண்டே இருந்தாள், அது உள்ளே போக அவ்வளவு நேரம் ஆனது.

என் முதுகைக் காப்பாற்றிவிட்டாள் என்ற நன்றி எனக்கு அப்போது வரவில்லை. நான் பார்த்துக்கொண்டே இருந்த காட்சிகள் அவை. எடிட் மேசையில் எத்தனை முறை ஓடவிட்டிருப்பேன்! என் முகத்தை மட்டுமே பார்த்திருக்கிறேன். அவள் என் காலைக் கேட்டிருக்கிறாள். இவள் என்னைவிட நல்ல கலைஞர் என்பது பல வருடமாக எனக்குத் தெரியும். அன்று தப்பிக்க வழியில்லாமல் தெரிந்தது.

அடுத்த நாள் அவளை வரச் சொன்னேன். மதியம் வந்தாள். கேரியரில் மீன் குழம்பும், பேச வேண்டாம் என்கிற முகமும்.

“போன்ல கேமராவ ஆன் பண்ணு” என்றேன்.

“எதுக்கு?”

“வலி சொல்லணும்.”

அவள் போனைப் பிடித்தாள். நடந்து வர முடியாது, படுத்தபடியேதான்.

“ஏழுமலை. இடது கால், முட்டிக்குக் கீழ ஒண்ணும் தெரியல. முதுகு வலி இருக்கு.” அங்கேயே நிறுத்தியிருக்கலாம். பத்து நொடி ஆகியிருந்தது. “அப்புறம், பொறாமை. ஐஸ் முழுசாப் புடிச்சிருக்கு. தோர்ஜே மூணு வாட்டி கூப்ட்டாரு, உன்னை அனுப்பச் சொன்னாரு. நான் உங்கிட்ட பொய் சொன்னேன். நீ போனா என்னைவிட நல்லா எடுப்பே. அதான்.”

அவள் கையை இறக்கவில்லை. போன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது. “எத்தினி நாளாச்சு அவரு சொல்லி?” என்றாள்.

“ஆறு நாள்.”

“ஆறு நாள் ஐஸ் போச்சு” என்றாள். கேரியரை மேசையில் வைத்துவிட்டு வெளியே போனாள். கண்ணாடியில் பார்த்தேன். டீக்கடை ஓரமாக நின்று யாருக்கோ போன் செய்துகொண்டிருந்தாள். இந்தியில் பேசும்போது அவள் இடது கையை ஆட்டுவாள். ஆட்டிக்கொண்டிருந்தாள். ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போனவள் திரும்பிப் பார்க்கவில்லை. நான்காம் நாள் ரயில் ஏறிவிட்டாள் என்று விமலாதான் சொன்னாள்.

மாத்திரை வேலை செய்தது. பதினெட்டாம் நாள் விமலா தொட்டபோது இடது கட்டை விரலில் எறும்பு ஊர்வதுபோல ஏதோ தெரிந்தது. “கட்டை விரல்” என்றேன். “நெசமாவா?” என்றாள். “நெசமா” என்றேன். மூன்று முறை சோதித்த பிறகுதான் நம்பினாள். இருபத்தாறாம் நாள் நெஞ்சிலிருந்து இடுப்பு வரை இறுக்கும் ஒரு பட்டையைக் கட்டி வீட்டுக்கு அனுப்பினார்கள். கம்பத்தில் இருந்த கண்ணாடியையும் கிளாம்ப்பையும் கேட்டு வாங்கிக்கொண்டேன்.

பிப்ரவரி நடுவில் ஒரு ஹார்ட் டிஸ்க் கூரியரில் வந்தது. தோர்ஜே ஏறிவிட்டார். முதல் நாள் காட்சிகளைப் போட்டுக்கொண்டு, எங்காவது ஃபோகஸ் போயிருக்காதா, எங்காவது கை நடுங்கியிருக்காதா என்று நாள் முழுவதும் தேடினேன். நீலமாக உறைந்த நீருக்குள்ளே உண்மையான நீர் ஓடுகிறது, அதன் மேல் அந்த மனிதரின் மூச்சு ஆவியாகப் படிகிறது. நஸ்ரின் அந்த மூச்சுக்கு இரண்டு அடி தள்ளித் தொங்கிக்கொண்டிருக்கிறாள். குறை ஒன்றும் இல்லை. லேப்டாப்பை மூடிவிட்டு விமலாவிடம் காரணமில்லாமல் எரிந்து விழுந்தேன்.

இரண்டாம் நாள் காட்சிகளின் தொடக்கத்தில் வலி சொல்லும் துண்டு இருந்தது. பனியில் பூட்ஸ் நறநறக்க நஸ்ரின் நடந்து வந்து நிற்கிறாள். மூக்கு சிவந்திருக்கிறது.

“நஸ்ரின். வலது தோள் லேசா. அண்ணா மேல கோவம், ரொம்ப.” சற்று நின்று, “கயித்துக்கு ஒண்ணும் ஆவாது” என்கிறாள்.

அவள் ஊர் திரும்பி மூன்று மாதமாகிறது. தினமும் காலையில் நாங்கள் இருவரும் ஒருவருக்கொருவர் பத்து நொடி அனுப்புகிறோம். அதற்கு மேல் இன்னும் பேச்சு இல்லை. அவளிடமிருந்து கோபம் ஜாஸ்தி, கோபம் ஜாஸ்தி என்றே வந்துகொண்டிருந்தது. போன வாரம் ஒரு நாள் “கோவம் கம்மி” என்று வந்தது. வாசலில் நின்று நான்கு முறை பார்த்தேன்.

பதிலுக்கு என்னுடையதை எடுக்க விமலா போனைப் பிடித்தாள். பட்டையோடு, கைத்தடி இல்லாமல், வாசலிலிருந்து தெருமுனை நோக்கி நடந்துவிட்டுத் திரும்பி வந்து நின்றேன். இடது கால் உரசுகிறதுதான், ஆனால் தூக்குகிறது. செருப்பு இரண்டும் காலில் இருந்தன. அன்று காலைதான் படத்தை எடிட் செய்து முடித்திருந்தேன். ஒளிப்பதிவு என்ற இடத்தில் நஸ்ரின் பெயரை மட்டும் போட்டிருந்தேன். என் பெயர் அங்கே இல்லாத முதல் படம்.

“ஏழுமலை. இடது கால் முக்கால்வாசி வந்துடுச்சு. முதுகு பரவால்ல. பொறாமை...”

நஸ்ரின் இறங்கி வந்திருக்கிறாள், நானும் இறங்கி வர வேண்டாமா? கம்மி என்று சொல்ல வாய் வந்தது. விமலா போனைப் பிடித்தபடி என் காலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“ஜாஸ்திதான்” என்றேன்.